பூநாரைத் தபால்காரரின் தொப்பி

ஜூட் மகன்,

பேசாலையில் எல்லாரும் சுகம். அம்மா சுகம், அக்கா சுகம், எங்கள் வாசல் படலையடியில் வந்து படுக்கும் கழுதைகூடச் சுகம். ஓட்டோவுக்கு மட்டும் போன கிழமை வரை இருமல். உன் கலியாண வேலைகள் ஒரு குறையும் இல்லாமல் நடக்கின்றன. வீட்டுக்கு வெள்ளை அடித்தாயிற்று, கோயிலில் சுவாமியார் உன் கலியாண ஓலை வாசித்தாயிற்று, பந்தல்காரனுடன் அம்மா சண்டையும் பிடித்தாயிற்று. ஒரே ஒரு விசயம்தான் இழுபறியில் நிற்கிறது. அன்று காலையில் உன்னைக் கோயிலுக்குக் கொண்டுபோகும் ஓட்டோவை ஓட்டப்போவது யார்? அது றிஸ்வான்தான் என்று நீங்கள் இரண்டு பேரும் காற்சட்டைப் பருவத்திலேயே பேசி வைத்தது. இப்போது அவன் வருவானா மாட்டானா என்பதே தெரியவில்லை. வராவிட்டால் அந்தக் குற்றம் உன்னுடையது. சுற்றி வளைத்துச் சொல்ல எனக்குத் தெரியாது.

இதைப் போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் போனில் நான் ஒரு வசனத்தைத் தொடங்கினால் அதை நீ முடித்துவிடுகிறாய். "ஓம் அப்பா, விளங்குது அப்பா, பிறகு எடுக்கிறன் அப்பா." ஆகவே எழுதுகிறேன். எழுதியதை உன்னால் இடையில் வெட்ட முடியாது. வாசித்து முடித்ததும் இதை அப்படியே உன் முகநூல் பக்கத்தில் போடு. உன் படக்கதையில் பூநாரைத் தபால்காரரை ஊரறியச் சாகடித்தவன் நீ, அப்பனிடம் ஏச்சு வாங்குவதும் ஊரறியவே இருக்கட்டும். உன் படங்களைப் பார்த்து அழுத சனங்களுக்கு முன்கதை தெரியாது. அவர்களுக்காக உனக்குத் தெரிந்த சிலதையும் திரும்பச் சொல்கிறேன். கொட்டாவி விடாமல் வாசி.

திட்டுநாடு என்ற தேசம் ஏதோ உன் கொழும்புக் கந்தோரில், குளிரூட்டிய அறையில் பிறந்தது என்று உன் வாசகர்கள் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். "என்ன கற்பனை அண்ணா" என்று ஒரு பிள்ளை எழுதியிருந்தது. அது பிறந்தது என் ஓட்டோவின் பின்சீற்றில். பேசாலையிலிருந்து உன்னையும் அக்காவையும் ஏற்றி, தாராபுரத்தில் றிஸ்வானையும் ஏற்றிக்கொண்டு மன்னார் ரவுணுக்குப் பள்ளிக்கூட ஓட்டம் ஓடிய காலம். பாதையோ கொஞ்சத் தூரம். நீங்கள் மூன்று பேர். ஆளுக்கொரு கதை வேண்டும் என்று அடம். உனக்கு நண்டு ராசா கதை, அக்காவுக்குக் கழுதை மகாராணி கதை, றிஸ்வானுக்குப் பூநாரைத் தபால்காரர் கதை. ஒருத்தர் கதையைச் சொன்னால் மற்ற இரண்டு பேரும் காதைப் பொத்திக்கொண்டு கத்துவீர்கள். எதிரே லொறி வருகிறது, நடு வீதியில் ஒரு கழுதை யோசித்துக்கொண்டு நிற்கிறது, பின்னால் மூன்று தொண்டைகள். நான் என்ன செய்வது? ஒரு நாள் பொறுக்க முடியாமல் சொன்னேன்: "சத்தம் போடாதேங்கோ! திட்டுநாட்டில கதை ஒண்டே ஒண்டுதான். மூண்டு எண்டு நீங்கள் நினைக்கிறது தண்ணி மூடியிருக்கிறதால."

அதை எங்கிருந்து எடுத்தேன் என்று கேட்காதே. தலைமன்னாருக்கு அங்காலே கடலுக்குள் கிடக்கும் மணல் திட்டுகள்தான் மனதில் வந்திருக்க வேண்டும். கடல் ஏறி நிற்கும்போது பார்த்தால் ஒவ்வொன்றும் தனித்தனி. கடல் வற்றிக் கிடக்கும்போது பார்த்தால் ஒன்றிலிருந்து ஒன்றுக்கு மணல் போய்க்கொண்டிருப்பது தெரியும். திட்டுநாட்டுச் சனங்கள் கதைகளைப் பற்றியும் அப்படித்தான் சொல்வார்கள் என்றேன். மேலே பார்த்தால் உன் கதை வேறு, என் கதை வேறு. அடியில் மணல் ஒன்று. அதனால்தான் ஒரு திட்டில் தொலைந்த சாமான் இன்னொரு திட்டில் கரை ஒதுங்கும். இதுதான் திட்டுநாட்டின் முதலாம் சட்டம். மூன்று பேரும் வாயைத் திறந்தபடி இருந்தீர்கள். ரவுண் வரும்வரை ஓட்டோவுக்குள் ஒரு சத்தம் இல்லை. அந்த அமைதிக்காகவே பிறகு எத்தனை சட்டம் வேண்டுமென்றாலும் போடலாம் என்று எனக்குத் தோன்றியது.

அந்தக் கிழமையே நீ தண்ணீர்ப் போத்தலின் நீல மூடியைத் தொலைத்தாய். புதுப் போத்தல். "அம்மா ஏசுவா, அம்மா ஏசுவா" என்று ஓட்டோ அதிர அழுகை. நான் கண்ணாடியில் உன்னைப் பார்த்துக்கொண்டே சொன்னேன், அது போத்தல் மூடி இல்லை, நண்டு ராசாவின் அரண்மனைக் கிணற்று மூடி, அது இல்லாததால் கடல் உள்ளே புகுந்து கிணறு உவர்த்துப்போய்விட்டது, ராசா தாகத்தோடு அதைத் தேடிப் புறப்பட்டுவிட்டார் என்று. நீ அழுகையை நிறுத்திவிட்டு, "ஆர் எடுத்தது?" என்றாய். நான் வாய் திறக்க முதல் றிஸ்வான் சொன்னான்: "எண்ட தபால்காரர்தான் எடுத்தவர். அவர் தொப்பி எண்டு நினைச்சுத் தலையில போட்டிருக்கிறார்." அக்கா விடுவாளா? தபால்காரர் ஒற்றைக்காலில் நிற்பது மற்றக் காலைத் தொலைத்ததால், அந்தக் கால் தன் மகாராணியிடம் முதுகு சொறியும் தடியாக இருக்கிறது என்றாள். நீ உடனே மகாராணியின் குரலைத் தூக்கி உன் ராசாவின் அரண்மனை மணியாகக் கட்டினாய். இப்படி ஒருவர் சாமான் மற்றவரிடம் மாட்டுப்பட்டுக்கொண்டதால் மூன்றாம் சட்டம் தானாகவே பிறந்தது. ஒருவருடைய சாமான் இன்னொருவரிடம் இருக்கும்வரை ஒருத்தர் கதையும் முடிய ஏலாது.

இரண்டாம் சட்டத்தை விட்டுவிட்டேன் என்று அக்கா தோளுக்குப் பின்னால் நின்று சொல்கிறாள். வருகிறேன், பொறு. நீயும் றிஸ்வானும் எதற்கோ அடிபட்டுக் கதைக்காமல் இருந்தீர்கள். அவனுடைய கொம்பாஸ் பெட்டி உன்னிடம். திருப்பிக் கொடுக்கச் சொன்னதற்கு நீ அதை அக்காவின் கையில் கொடுத்தனுப்பினாய். அவன் வாங்கவில்லை. பாடத்தில் கோணம் கீறக் கருவி இல்லாமல் அடி வாங்கினான், ஆனாலும் வாங்கவில்லை. எனக்கு அது நன்றாக விளங்கியது. எங்கள் பக்கத்தில் கலியாணத்துக்கு ஆள்விட்டுச் சொன்னால் எவன் வருவான்? வீடு வீடாகப் போய், இருந்து, தேத்தண்ணி குடித்து, வாயால் சொல்லிக் கையில் கொடுத்தால்தான் அது அழைப்பு. அடுத்த வீடு என்றாலும் அப்படித்தான். அதைத்தான் சட்டமாகச் சொன்னேன்: திட்டுநாட்டில் ஒருவர் சாமானை மற்றவர் தன் கையாலேயே கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும், ஆள்விட்டு அனுப்பினால் போகும் வழியிலேயே மணலாகிவிடும். மறுநாள் தாராபுரத்தில் ஓட்டோ நின்றதும் நீ இறங்கிப் போய் அவன் கையில் பெட்டியைக் கொடுத்தாய். ஏறியதும் இரண்டு பேரும் ஒரே நேரத்தில் கதையைத் தொடங்கினீர்கள்.

றிஸ்வானுக்கும் அந்தத் தொப்பிக்கும் இருந்த சொந்தம் உனக்கு அப்போது விளங்கியிருக்காது. நீ ஒவ்வொரு நாளும் நச்சரிப்பாய், ராசாவுக்குத் தாகம், தபால்காரர் மூடியைத் திருப்பிக் கொடுக்கட்டும் என்று. அவன் ஒவ்வொரு நாளும் ஒரு சாட்டு வைத்திருப்பான். இன்றைக்கு மழை. இன்றைக்கு அவருக்குத் தடிமனும் தும்மலும். இன்றைக்கு இரணைதீவுக்குக் கடிதம் கொண்டு போய்விட்டார். கொடுத்துவிட்டால் கதை முடிந்துபோகும், அதுதான் காரணம். அந்தப் பிள்ளை பிறந்தது புத்தளத்தில். வாப்பாவும் உம்மாவும் சண்டைக் காலத்தில் துரத்தப்பட்டு உடுத்த உடையோடு விட்டுப்போன ஊருக்குத் திரும்பி வந்து, கூரையில்லாத வீட்டில் கிடுகு போட்டு இருந்தவர்கள். முடிந்துபோயிற்று என்ற சொல்லே அவனுக்கு ஆகாது. ஒரு நாள் ரவுணுக்குப் போகும் வழியில் களப்புத் தண்ணீருக்குள் பூநாரைகள் நிற்கக் கண்டு ஓட்டோவை நிறுத்தினேன். ஒரு பறவை மடித்து வைத்திருந்த காலைச் சாவகாசமாக இறக்கித் தண்ணீரில் வைத்தது. றிஸ்வானின் முகம் வெளிறிப்போயிற்று. "அங்கிள், மத்தக் கால் வந்திட்டுது! அப்ப கதை முடிஞ்சு போச்சோ?" கண்ணில் பொலபொலவென்று தண்ணீர். நான் பதறிப்போய், "இல்லையடா ராசா, அது பொய்க்கால். உத்தியோகத்துக்குப் போகேக்க போடுறது. வீட்ட வந்து கழட்டி வைப்பார்" என்றேன். அவன் அந்தப் பறவையைக் கனநேரம் சந்தேகத்தோடு பார்த்துவிட்டு, "ஓம், கொஞ்சம் நொண்டுறார்தான்" என்றான். அன்றைக்கு உங்கள் எல்லாருக்கும் பள்ளிக்கூடத்தில் பிந்தி வந்ததற்கு ஏச்சு விழுந்தது.

இதெல்லாம் உனக்கு மறக்கவில்லை என்று எனக்குத் தெரியும். அவனுடைய நிக்காஹ் அன்று பள்ளிவாசலுக்கு அவனை இதே ஓட்டோவில் கொண்டுபோனவன் நீ. வழியில் கழுதைகள் மறித்ததும் நீ இறங்கி, "மகாராணி, மாப்பிள்ளைக்கு வழி விடுங்கோ" என்று கும்பிட்டாயாம். அவனுடைய வாப்பா இன்றைக்கும் அதைச் சொல்லிச் சிரிக்கிறார்.

பிறகு நீ திட்டுநாட்டை வரையத் தொடங்கினாய். கிழமைக்கொரு படக்கதை. நன்றாகத்தான் இருந்தது, இல்லையென்று சொன்னால் வாய் வேகும். மீன் ஏலம் விடும் இடத்தில் எல்லாருக்கும் போனை நீட்டி நீட்டிக் காட்டினேன். நண்டு ராசாவுக்கு என் மூக்கை வைத்திருந்தாய், அதற்கும் நான் ஒன்றும் சொல்லவில்லை. வாசிக்கிறவர்கள் முடிவு எப்போது, முடிவு எப்போது என்று கேட்டார்கள். உனக்கும் அவசரம் வந்துவிட்டது. பெரிய புயலை அடிக்க வைத்தாய். தபால்காரர் கடைசிக் கடிதத்தைச் சுமந்துகொண்டு பறந்து, கடலில் விழுந்து, செத்துப்போனார். கடைசிப் படத்தில் அலைமேல் அந்த நீலத் தொப்பி மட்டும் தனியே மிதந்தது. கீழே "முற்றும்" என்று வடிவான எழுத்தில் போட்டிருந்தாய். சனங்கள் அழுதார்கள், கைதட்டினார்கள். றிஸ்வானிடம் ஒரு வார்த்தை கேட்டாயா? அது அவனுடைய ஆள், மகன். நீ ராசாவை என்னவும் செய், அவர் உன்னுடையவர். மற்றவனுடைய ஆளை அவனிடம் கேட்காமல் கொன்றுவிட்டு முற்றும் போட உனக்கு யார் அதிகாரம் தந்தது? அதுவும் போகட்டும். மிதந்தது யாருடைய மூடி என்று யோசித்தாயா? உன் ராசா இன்னும் தாகத்தோடு நிற்கிறார். நீ உன் கதையையும் சேர்த்தல்லவா கடலில் போட்டாய்!

அதோடு விட்டாயா? உன் கலியாணக் கார்டைப் படம் எடுத்து வட்ஸ்அப்பில் அவனுக்கு அனுப்பினாய். அவன் ஒரு பெருவிரலை அனுப்பினான். நீ அதை எனக்குக் காட்டி, "பாருங்கோ அப்பா, ஓம் எண்டுட்டான்" என்கிறாய். மகன், றிஸ்வான் யாருக்குப் பெருவிரல் அனுப்புகிறவன்? ஒரு நட்டு வாங்கப் போனாலே அரை மணித்தியாலம் கதைக்காமல் விடாதவன் அவன். பெருவிரலால் உன்னைத் தள்ளி நிறுத்தியிருக்கிறான், உனக்கு அதுகூட விளங்கவில்லை.

உனக்கு எதையும் முடித்துவிட வேண்டும் என்ற அவசரம், அதுதான் உன் வியாதி. நீ கட்டப்போகும் நிரோசாவும் தாயும் பெரியமடுவிலிருந்து முதல்முதலாக எங்கள் வீட்டுக்கு வந்த நாளை நினைத்துப் பார். அந்தப் பிள்ளை, வயலுக்கு யானை வந்த கதையைச் சொல்லத் தொடங்கினாள். தகப்பன் காவல் பரணில் இருந்து தகரம் தட்டுகிறார், யானை நேரே பரணடிக்கு வந்து நிற்கிறது என்று கையை விரித்துக் காட்டினாள். அம்மா கறிச்சட்டியை இறக்க மறந்து கேட்டுக்கொண்டிருந்தாள். நீ புகுந்து, "பிறகென்ன, யானை ஓடியிருக்கும்" என்று சொல்லிவிட்டுப் பொரியலை எடுத்துப் போட்டாய். அவள் சிரித்துக்கொண்டு குனிந்து சாப்பிட்டாள். நீ போன் கதைக்க வெளியே போனதும் நான்தான், "பிள்ளை, யானை என்ன செய்தது?" என்று கேட்டேன். சொன்னாள். அம்மா சிரித்த சிரிப்பில் கதிரையோடு சரிந்தாள், நீ வெளியிலிருந்து என்ன சத்தம் என்று எட்டிப் பார்த்தாய். யானை ஓடவில்லை, மகன். என்ன செய்தது என்று நான் சொல்லப் போவதுமில்லை. அது அவள் தன் வாயால் உனக்குச் சொல்ல வேண்டியது. கலியாணம் கட்டியபின் ஒரு நாள் வேலையெல்லாம் விட்டுவிட்டு அவள் முன்னால் இருந்து கேள். வாய்க்குள் ஏதாவது போட்டு மென்றுகொண்டு கேள், அப்போதுதான் இடையில் பேசமாட்டாய். அவள் கதைக்கு நீ முடிவு சொல்லாமல் இருந்தால் போதும், உங்கள் குடும்பம் நன்றாக ஓடும். கலியாணப் புத்திமதி என்று எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான், மிச்சத்தைச் சுவாமியார் பிரசங்கத்தில் சொல்வார்.

இனி ஓட்டோவின் இருமலுக்கு வருகிறேன். போன கிழமை அதைத் தள்ளாத குறையாகத் தாராபுரத்துக்கு, றிஸ்வானின் கராச்சுக்குக் கொண்டுபோனேன். அவன் எண்ணெய்க் கையைத் துடைத்துவிட்டு எனக்குக் கதிரை எடுத்துப் போட்டான், தேத்தண்ணிக்குச் சொன்னான், உன்னைப் பற்றி மட்டும் ஒரு சொல் இல்லை. குனிந்து இஞ்சினோடு கதைத்துக்கொண்டிருந்தான். கடைசியில் அவனாகத்தான் கேட்டான்.

"மாப்பிள்ளையை இதிலயோ கொண்டு போறியள், அங்கிள்?"

"ஓம். ஆர் ஓடுறது எண்டதுதான் தெரியேல்ல."

"காரைப் பிடியுங்கோ. இப்ப எல்லாரும் கார்தானே."

"றிஸ்வான், அவன் பகிடிக்குக் கீறினது."

அவன் நிமிர்ந்தான். கண் சிவந்திருந்தது. "பகிடியோ? உம்மா அழுதவ, அங்கிள். அந்தக் கதையை நான் வீட்ட வந்து சொல்லச் சொல்லக் கேட்டவ. தபால்காரர் செத்திட்டார் எண்டு சாப்பிடாமல் இருந்தவ. என்னட்ட ஒரு சொல்லுக் கேட்டானோ? எழுப்புறதெண்டாலும் இனி என்னட்டக் கேட்டுத்தான் எழுப்போணும்."

அவன் பின்சீற்றைக் கழற்றினான், அடித்தகரம் துருப்பிடித்து உக்கிப்போய்விட்டது, மாற்ற வேண்டும் என்றான். தகரத்தை நெம்பித் தூக்கினான். அடியில் இத்தனை வருசத்து மணலும் குப்பையும். கையை விட்டுத் துழாவி ஒரு பென்சில் துண்டை எடுத்தான், அக்காவின் தலைமயிர்க் கிளிப்பை எடுத்தான், அந்தோனியார் படம் ஒன்றை எடுத்துத் துடைத்து என்னிடம் தந்தான். அதற்குப் பிறகு அவன் கை அசையாமல் நின்றது. மெதுவாக வெளியே எடுத்தான். நீல மூடி, ஜூட். உன் போத்தல் மூடி. நிறம் கொஞ்சம் வெளிறியிருந்தது, வேறு ஒரு சேதமும் இல்லை.

நான் கதிரையிலிருந்து எழும்பிவிட்டேன். அவன் அதைச் சட்டையில் தேய்த்தான். சுட்டுவிரலை நிமிர்த்தி அதன் தலையில் மூடியைக் கவிழ்த்தான். விரலை இப்படியும் அப்படியும் ஆட்டிப் பார்த்தான். பிறகு சிரித்தான் பார், பக்கத்துக் கடைக்காரர் எட்டிப் பார்க்கும் அளவுக்குச் சிரிப்பு, சிரிப்போடு அழுகை. "அங்கிள், இவர் சாகேல்ல! இவ்வளவு நாளும் எங்களோடதான் போய் வந்திருக்கிறார்!" எனக்கும் கண் நிறைந்துவிட்டது, சொல்ல என்ன வெட்கம். நானே போட்ட சட்டம் என் காலுக்கு அடியிலேயே இத்தனை காலம் வேலை செய்துகொண்டிருந்திருக்கிறது, எனக்குத் தெரியாமல்.

கையை நீட்டினேன். "கொண்டா மகன், ஜூட்டுக்குக் குடுத்துவிடுறன்" என்றேன். அவன் மூடியைச் சட்டைப்பைக்குள் போட்டு மேலே ஒரு தட்டுத் தட்டினான்.

"சட்டம் மறந்திட்டியளோ, அங்கிள்? ஆள்விட்டுக் குடுத்தா மணலாப் போயிடும்."

"அப்ப கலியாணத்துக்கு வருவியோ?"

அவன் பின்சீற்றைத் திரும்பப் பூட்டினான். சாவியைத் திருகி ஓட்டோவை இயக்கினான், அது பூனைபோல உறுமியது, ஒரு இருமல் இல்லை. நான் ஏறி இருந்ததும் சொன்னான்: "கவனமா ஓடுங்கோ. இது எண்ட கைக்குத்தான் கேக்கும். வேற ஆரும் மாப்பிள்ளையை ஏத்தினா நடுவீதியில நிக்கும், பிறகு என்னைக் கேக்கப்படாது."

அதற்கு மேல் நான் கேட்கவில்லை. அம்மா கார் பிடிக்கலாம் என்கிறாள். பிடிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். நீ வெள்ளிக்கிழமை பஸ்ஸில் வருவாய். அம்மா பாரைமீன் குழம்போடு பார்த்துக்கொண்டிருப்பாள், இருக்கட்டும். பேசாலைக்கு டிக்கெட் எடுத்திருந்தாலும் தாராபுரத்தில் இறங்கு. முதலில் அவன் உம்மாவிடம் போ, தேத்தண்ணி தருவா, ஆறவிட்டுக் குடி. பிறகு கராச்சுக்குப் போய்க் கார்டை அவன் கையில் கொடு, வாயால் சொல். தபால்காரரைப் பற்றி அவன் பேசும்போது குறுக்கே பேசாதே, எவ்வளவு நேரமானாலும் பேசவிடு. அவருக்கு என்ன நடக்க வேண்டும் என்பதை அவன் சொல்லட்டும், நீ கீறு.

இன்னொன்று. கொழும்பிலிருந்து வெளிக்கிடும்போது ஒரு தண்ணீர்ப் போத்தல் வாங்கிக்கொண்டு வா. மூடியைக் கழற்றி அங்கேயே எறிந்துவிட்டு வா.

உன் அப்பா,
ஓட்டோவோடு காத்திருப்பவன்.